பறியைக் கடித்த முகம்

அம்மா, பெங்களூர்ல ஒரு செவுத்துல நீ பத்தடி உசரத்துக்கு நிக்கிற, நான்தான் வரைஞ்சேன்!

பல்லு வலி இப்ப இன்னா ஆச்சு? மாத்திரை போடுறியா?

படம் வரையறது எல்லாம் போன்ல வீடியோ பாத்துக் கத்துக்கினதுதான். ஏரித் தண்ணில ரெண்டு கையாலயும் எறால் தடவிக்கினு, புடிச்சதைப் போடுற பறியைப் பல்லுல கடிச்சிக்கினு நிக்கிற. கூட வேலை செய்யற பிரபாகரன், "இன்னாடா, உங்கம்மாவுக்கு வாயே காணோம்?"னான். "பறிக்குப் பின்னாடி கீதுடா"ன்னு சிரிச்சேன். அப்புறம் பறி இல்லாம வரையப் பாத்தேன். கை நின்னுடுச்சும்மா. உன் வாய் நெனப்புக்கு வரல. இத்தினி வருசமும் நான் பறியைத்தான் பாத்துக்கினு இருந்திருக்கேன்.

பறியைக் கீழ வெச்சிட்டு பக்கத்து வூட்டு சாந்தி அக்காவை ஒரு போட்டோ எடுக்கச் சொல்லு. மூஞ்சிய மாத்துற பில்டர் எதுவும் வேணாம். இந்த லெட்டரையும் அக்காவையே நம்ம ஊரு பசியாவரத்துல எல்லாருக்கும் படிச்சுக் காட்டச் சொல்லும்மா. உன் சிரிப்பு எப்படி இருக்கும்னு ஆளுக்கொரு வரி எனக்கு எழுதட்டும்.

உன் வினோத்