அறுபத்திரண்டு மூட்டை மல்லாட்டையும் நாங்கள் போட்ட பூட்டும்

அனுப்புநர்:
மு. செண்பகம், வயது 34,
முத்துசாமி மனைவி, விவசாயக் கூலி,
கீழத்தெரு, கருவேலம்பூண்டி கிராமம்,
திண்டிவனம் தாலுகா, தென்னாற்காடு ஜில்லா.

பெறுநர்:
கனம் ரெவின்யூ டிவிஷனல் ஆபீசர் அவர்கள் சமூகம்,
திண்டிவனம்.

பொருள்: விஷப் பொடி கலந்த விதை மல்லாட்டை, அதாவது நிலக்கடலைப் பருப்பு 62 மூட்டைகள் வருகிற வியாழக்கிழமை விழுப்புரம் எண்ணெய் மில்லுக்கு வண்டி ஏறுவதைத் தடுக்கக் கோருதலும், கிடங்கை நாங்களே பூட்டியிருப்பதைத் தெரிவித்தலும்.

கனம் பொருந்திய ஐயா,

வேறு யாராவது வந்து தங்களிடம் சொல்வதற்கு முன்னால் நான் செய்த குற்றத்தை நானே சொல்லிவிடுகிறேன். நேற்று ஞாயிற்றுக்கிழமை பகல் பதினொரு மணிக்கு எங்கள் ஊர் மிராசுதார் கோதண்டபாணி அவர்களின் கிடங்குக் கதவில், அவர் போட்டிருந்த பூட்டுக்கு மேலே என் பூட்டு ஒன்றைப் போட்டேன். அது என் கல்யாணப் பெட்டிக்கு வாங்கிய பூட்டு. சாவி என் இடுப்பில் இருக்கிறது. நானும் இன்னும் பதினொரு பெண்களும் முறை வைத்துக்கொண்டு கதவுக்கு முன்னால் உட்கார்ந்திருக்கிறோம். உள்ளே 62 மூட்டை மல்லாட்டைப் பருப்பு இருக்கிறது. அது மில்லுக்குப் போகக் கூடாது. ஏன் போகக் கூடாது என்பதை அடியில் வரிசையாகத் தெரிவிக்கிறேன்.

1. சென்ற ஆடி மாதம் விதைப்புக்கு முன்னால் சென்னைக் கம்பெனி ஒன்றின் ஏஜெண்டு எங்கள் ஊருக்கு மோட்டாரில் வந்தார். சாம்பல் நிறப் பொடி அடைத்த தகர டின்களை இறக்கினார். இந்தப் பொடியைக் கலந்தால் விதை மண்ணுக்குள் அழுகாது, பூச்சி தொடாது, மகசூல் இரட்டிக்கும் என்று மிராசுதாருக்குச் சொன்னார். களத்து மேட்டில் பீப்பாய்க்குள் பருப்பையும் பொடியையும் போட்டு உருட்டி, ஏஜெண்டு கொடுத்த கம்பெனிச் சாக்குகளில் கட்டினார்கள். உருட்டியவர்கள் எங்கள் வீட்டு ஆண்கள். ஏரின் பின்னால் போய் சாலில் பருப்புப் போட்டவர்கள் நாங்கள். மல்லாட்டை விதைக்கிற பெண் மடியிலிருந்து நாலு பருப்பை வாயில் போட்டுக்கொள்வாள். அதைத் திருட்டு என்றால் இந்த ஜில்லாவில் ஜெயில் போதாது. பொடி நாக்கில் இரும்பை நக்கினாற்போல் இருந்ததால் அன்று பெரும்பாலோர் துப்பிவிட்டோம்.

2. பாதி நிலம் விதைத்ததும் மழை ஏமாற்றிவிட்டது. மிச்சப் பருப்பு மூட்டை மூட்டையாகத் தங்கிப்போயிற்று. சாம்பல் பூசினாற்போல் இருந்ததை எந்த வியாபாரியும் கையால் தொடவில்லை. ஆவணி முதல் வாரம் களை வெட்டக் கூப்பிட்டபோது, கூலிக்கு அளக்கும் கேப்பைக்குப் பதிலாக இந்தப் பருப்பை அளந்தார்கள். நாங்கள் தயங்கினோம். அப்போது மிராசுதார் சொன்னதைச் சொன்னபடியே எழுதுகிறேன்: "கழுவிக்கினு துன்னுங்கடி, ஒண்ணும் ஆவாது. ரேஷன் கடையில இதுகூட கெடைக்காது." பின்வாக்கியம் மட்டும் உண்மை. அந்த மாதம் ரேஷன் கடை திறந்தது மூன்று நாள்.

3. நாங்கள் கண்ணை மூடிக்கொண்டு தின்றவர்கள் அல்ல. முதலில் தண்ணீர் தெளிகிற வரையில் ஏழு தண்ணீர் விட்டுக் கழுவினோம். பொடி போனதும் பருப்பு பழைய சிவப்புக்கே வந்தது. சாதாரண மல்லாட்டைக்கும் அதற்கும் வித்தியாசம் சொல்ல ஆளில்லை. பிறகு இரண்டு கோழிகளுக்கு மூன்று நாள் போட்டுப் பார்த்தோம். இரண்டும் கொத்திக் கொத்தித் தின்றன. மூன்றாம் நாள் ஒரு கோழி முட்டையும் இட்டது. இதற்குமேல் என்ன அத்தாட்சி கேட்பது என்று வறுத்துத் தின்றோம், அரைத்துக் குழம்பில் விட்டோம், பிள்ளைகள் மடியில் கட்டிக்கொண்டு விளையாடப் போனார்கள். ஐந்து வாரம் அதுதான் எங்கள் ஆகாரம். இந்த விஷம் கோழிக்கு மூன்று நாளில் தெரியாது, மனிதருக்கு மூன்று வாரத்தில் தெரியும் என்று எங்களுக்கு யாரும் சொல்லவில்லை.

மூட்டையின் மேல் மண்டையோடு குத்தியிருந்ததே, அதைப் பார்க்கவில்லையா என்று கிராம முன்சீப் கேட்கிறார். பார்த்தோம் ஐயா. மாசி மாதம் மயானக் கொள்ளையில் அங்காளம்மன் கையில் வருஷா வருஷம் பார்க்கிற கபாலம்தான் அது. என் பக்கத்து வீட்டு வெள்ளையம்மாள் அந்தப் படத்துக்கு மஞ்சளும் குங்குமமும் வைத்துவிட்டுத்தான் மூட்டையைப் பிரித்தாள். அதைச் சுற்றி இங்கிலீஷில் ஏழு வரி எழுதியிருந்தார்கள். விஷம் என்ற மூன்று எழுத்தைத் தமிழில் எழுதக் கம்பெனிக்கு மை போதவில்லை போலும்.

4. புரட்டாசி பிறந்ததும் தொடங்கியது. முதலில் விரல் நுனியும் உதடும் மரத்தன. எறும்பு ஊர்வது போல் இருந்தது. பிறகு நடை தப்பியது. வெள்ளையம்மாள் களைக்கொட்டை எடுக்கக் குனிந்தவள் எழுந்திருக்க முடியாமல் வரப்பில் உட்கார்ந்து, "யக்கா, என் காலு என் பேச்ச கேக்கமாட்டேங்குது" என்று சிரித்தாள். நாங்களும் சிரித்தோம். அதற்காக நான் இன்றைக்கும் என்னை மன்னிக்கவில்லை. பத்து நாளில் அவள் பேச்சு குழறியது, பிறகு பேச்சே இல்லை, புரட்டாசி 22ந் தேதி உயிரும் இல்லை. வயது இருபத்தாறு. அவளுக்குப் பின்னால் ஒரு முதியவரும் மூன்று வயதுக் குழந்தையும் போனார்கள்.

என் மகள் அம்சாவுக்கு ஒன்பது வயது. அவளுக்கு நேர் எதிரே இருப்பது மட்டும் தெரிகிறது. பக்கத்தில் இருப்பது எதுவும் தெரியவில்லை. அடுப்பு ஊதுகிற குழல் வழியாகப் பார்ப்பதுபோல் இருக்கிறதாம். சோறு வைத்தால் தட்டைத் தேடத் தலையை முழுவதும் திருப்புகிறாள். வாசற்காலில் நெற்றி மோதாத நாள் கிடையாது. கூப்பிட்டால் நான் இருக்கும் பக்கத்துக்கு நேர் எதிர்ப்பக்கம் கையை நீட்டுகிறாள். இதை எழுதச் சொல்லும்போது எனக்கு ஆத்திரம் வருகிறது. மனுவில் ஆத்திரத்துக்கு இடமில்லை என்பதால் மேலே போகிறேன்.

5. இந்தத் தள்ளாட்டத்தைப் பார்த்துவிட்டு, கீழத்தெருப் பெண்கள் கள் குடித்துவிட்டு ஆடுகிறார்கள் என்று கிராம முன்சீப் தாலுகாவுக்கு எழுதியிருப்பதாகக் கேள்விப்பட்டேன். மூன்று சாவையும் காய்ச்சல் என்று கணக்கில் பதிந்திருக்கிறார். நான் கள் குடித்தவள் என்றே வைத்துக்கொள்ளுங்கள். மூன்று வயதுக் குழந்தைக்கு எந்தக் கடைக்காரன் கள் ஊற்றினான் என்பதையும் அவரே விசாரித்து எழுதட்டும்.

6. எங்கள் தெருவில் பிறந்து, திண்டிவனத்தில் ஒரு தரும வைத்தியசாலையில் கம்பவுண்டராக இருக்கும் சவுரிராயன் ஐப்பசி முதல் வாரம் ஊருக்கு வந்தபோது, பொடி இருந்த காலி டின் ஒன்றை வாங்கி இங்கிலீஷ் முழுவதையும் வாசித்தார். வாசித்து முடித்ததும் டின்னைக் கீழே வைத்துவிட்டுக் கையைச் சாம்பல் போட்டுத் தேய்த்தார். அதிலேயே எங்களுக்குப் பாதி விளங்கிவிட்டது. அது பாதரசம் சேர்ந்த பொடியாம். மேலே ஒட்டியதைத்தான் தண்ணீர் எடுக்கும், பருப்பு உள்ளுக்கு வாங்கியதை எடுக்காது என்றார். வறுத்தாலும் முழுவதும் ஒழியாது. உடம்புக்குள் போனது மூளையிலும் நரம்பிலும் குடியேறிவிடும். மண்ணுக்குள் போனது மண்ணிலேயே இருக்கும், தண்ணீருக்குள் போனது மீனுக்குள் போய் மீனைத் தின்றவனுக்குள் வரும்.

தேள் கொட்டினால் விடிவதற்குள் இறங்கிவிடுகிறது. பாம்பு கடித்தால் பிழைப்போமா போவோமா என்பது ஒரு நாளில் தெரிந்துவிடுகிறது. இந்த விஷத்துக்கு அந்த நாணயம்கூட இல்லை. நான் செத்த பிறகும் என்னைப் புதைத்த இடத்தில் இது இருக்கும் என்கிறார் சவுரிராயன். பூச்சிக்கு வைத்தது ஊருக்கே மிராசு பாத்தியதை கொண்டாடிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது.

7. இது தெரிந்ததும் மிராசுதாரிடம் போய்ச் சொன்னோம். அவர் அதற்குள் வேறு ஏற்பாடு செய்திருந்தார். மீதி மூட்டைகளை ஏரி வாய்க்காலில் கொட்டி, வெளியூர்ப் பெண்களை வைத்து மூன்று நாள் கழுவி உலர்த்திச் சிவப்பாக்கிவிட்டார். அந்தப் பெண்கள் முழங்கால் தண்ணீரில் நின்று கழுவினார்கள். அந்தத் தண்ணீர் எங்கள் ஏரிக்குத்தான் போயிற்று. சாம்பல் நிறத்தைக் கண்டு வேண்டாம் என்ற விழுப்புரம் மில், சிவப்பைக் கண்டதும் சரி என்றுவிட்டது. மில்காரரைக் குற்றம் சொல்ல மாட்டேன். எங்களை ஏமாற்றிய சிவப்புத்தான் அவரையும் ஏமாற்றியிருக்கிறது.

பொடியில் மிஞ்சியது பதினொரு டின். அவற்றை ஏரியின் மடுவில் புதைத்துவிடுவதாக மிராசுதார் பெரிய மனது பண்ணிச் சொல்கிறார். இத்தனைக்கும் அந்தப் பருப்பில் ஒரு படியைக்கூட அவர் தமது வீட்டு மாட்டுக்கு வைக்கவில்லை. மாட்டுக்காரனிடம் "அது கிட்ட உடாதே" என்று சொன்னதைக் கேட்ட சாட்சிகள் இருக்கிறார்கள். மாட்டுக்கு ஆகாது என்று தெரிந்த மனிதருக்கு எங்களுக்கு ஆகும் என்று எப்படித் தெரிந்தது என்பதை, தாங்கள் அவரை நிற்க வைத்துக் கேட்க வேண்டும். நாங்கள் கேட்டால் பதில் வராது.

8. விழுப்புரம் மில்லில் ஆட்டிய எண்ணெய் கண்டமங்கலம், கோட்டக்குப்பம் வரையில் போகிறது. திண்டிவனம் கடைத்தெருவிலும் அதுதான். புண்ணாக்கு கறவை மாடுகளுக்குப் போகிறது, பால் பிள்ளைகளுக்குப் போகிறது. எண்ணெய்ச் செம்புக்கு மேலத்தெரு கீழத்தெரு தெரியாது. தங்கள் வீட்டுச் சமையல்காரரும் எங்கேயோ ஓரிடத்தில் எண்ணெய் வாங்கத்தானே வேண்டும் ஐயா. தங்களைப் பயமுறுத்த இதை எழுதவில்லை. கீழத்தெருவில் மூன்று பேர் செத்தது காய்ச்சலாகிவிட்டது. விழுப்புரத்தில் முந்நூறு பேர் விழுந்தால் அதற்கு என்ன பேர் வைப்பார்கள் என்றுதான் யோசிக்கிறேன்.

9. ஆகையால் நான் கேட்பது:

வியாழக்கிழமை வண்டி வருவதற்கு முன்னால் தாங்கள் நேரில் வந்தோ, தக்க அதிகாரியை அனுப்பியோ கிடங்குக்கு சர்க்கார் அரக்கு முத்திரை வைக்க வேண்டும். முத்திரை வைத்த அடுத்த நிமிஷம் என் பூட்டைக் கழற்றிக்கொண்டு போகிறேன்.

பருப்பையும் ஏரித் தண்ணீரையும் சென்னைக்கு அனுப்பி சர்க்கார் ரசாயனப் பரிசோதகரைக் கொண்டு பார்க்க வேண்டும். இத்துடன் ஒரு கைப்பிடிப் பருப்பைத் துணியில் தைத்து அனுப்பியிருக்கிறேன். தங்கள் கச்சேரிச் சேவகர் யாரும் அதை வாயில் போட்டுக்கொள்ளாமல் தயவுசெய்து பார்த்துக்கொள்ளவும். மல்லாட்டையைப் பார்த்தால் கை தானாகப் போகும்.

பதினொரு டின்னும் ஏரியிலோ கிணற்றிலோ எங்கள் மண்ணில் எந்த இடத்திலோ இறங்கக் கூடாது. மோட்டாரில் கொண்டுவந்தவர்கள் மோட்டாரிலேயே எடுத்துக்கொண்டு போகட்டும்.

மூன்று சாவுக்கும் உண்மையான காரணத்தைச் சாவுக் கணக்கில் எழுத வேண்டும். இறந்தவர்களுக்கு இனி நாம் செய்யக்கூடியது அது ஒன்றுதான்.

நஷ்டஈடு இந்த மனுவில் கேட்கவில்லை. கேட்டால், அதற்காகத்தான் இவ்வளவும் என்று சொல்லிவிடுவார்கள். அதற்கு வேறு மனு வரும்.

10. அடுத்தவர் கிடங்கில் பூட்டுப் போட்டது சட்டப்படி குற்றம் என்று போலீஸைக் கூப்பிடப் போவதாக மிராசுதார் சொல்லியனுப்பியிருக்கிறார். கூப்பிடட்டும். என்னைப் பிடித்துக்கொண்டு போவதாக இருந்தால் வருகிறேன், பிடிவாதம் செய்ய மாட்டேன். என் இடத்தில் உட்கார இன்னும் பதினொரு பேர் இருக்கிறார்கள், சாவி அவர்களில் ஒருத்தியிடம் இருக்கும். யாராவது பூட்டை உடைப்பதாக இருந்தால், உடைத்தவர் பெயரைத் தாங்கள் தயவுசெய்து எழுதி வைத்துக்கொள்ளவும். ஐந்தாறு வாரம் கழித்து விழுப்புரத்திலும் திண்டிவனத்திலும் ஜனங்கள் தள்ளாடத் தொடங்கும்போது அந்தப் பெயர் தேவைப்படும்.

தாங்கள் நியாயம் செய்வீர்கள் என்று நம்பித்தான் எழுதுகிறேன். நம்பிவிட்டு வீட்டுக்குப் போய்ப் படுத்துக்கொள்ள மட்டும் எங்களால் முடியாது.

இப்படிக்கு,
கீழ்ப்படியாமல் பூட்டுப் போட்டு, தங்கள் வருகையை மரியாதையோடு எதிர்பார்த்து உட்கார்ந்திருக்கும்,

மு. செண்பகம்
(இடது கைப் பெருவிரல் ரேகை)

இடம்: கருவேலம்பூண்டி, கிடங்கு வாசல்.
தேதி: விய வருஷம் ஐப்பசி 18, திங்கட்கிழமை (4-11-1946).

நான் சொல்லச் சொல்ல எழுதியவர்: சவுரிராயன், கம்பவுண்டர்.

குறிப்பு: மேலே ரேகை இருப்பதைக் கொண்டு என்னைக் கைநாட்டு என்று எழுத வேண்டாம். நான் மிஷன் பள்ளிக்கூடத்தில் நாலாவது வகுப்பு தேறியவள். சென்ற ஆடி மாதம் ரேஷன் கார்டு மனுவில் என் பெயரை முழுவதும் நானே எழுதிக் கையெழுத்துப் போட்டிருக்கிறேன், அது தங்கள் கச்சேரியிலேயே இருக்கிறது. இந்த மனுவுக்கும் நானே கையெழுத்துப் போட நான்கு முறை முயன்றேன். அந்தக் காகிதத்தை இத்துடன் வைத்திருக்கிறேன். ஆடி மாதத்துக் கையெழுத்தையும் இதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துத் தாங்களே பாருங்கள். நான்கிலும் செண்பகம் என்றுதான் எழுதியிருக்கிறேன்.