தம்பி பெயரில் அண்ணன் கொடுத்த இரத்தம்

கிண்ணியா
11.02.2007

அன்பு மகள் றம்ஸியாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். அல்லாஹ்வின் உதவியால் நானும் வாப்பாவும் தங்கை றஹ்மாவும் இதை எழுதும் நேரம் வரைக்கும் சுகமாக இருக்கிறோம், அந்தச் சுகத்தையே உனக்கும் கேட்டு ஐந்து நேரமும் துஆச் செய்கிறேன். ஸ்வீடன் குளிரில் காதை மூடிக்கொண்டு போகிறாயா, அல்லது இங்கே இருந்த மாதிரியே பிடிவாதமா? உன் கடிதம் பதினேழு நாளில் வந்தது, உறையைப் பிரித்து ஒட்டியிருந்தார்கள். பிரித்தவனுக்கு ஒன்றும் விளங்கியிருக்காது, எனக்கே விளங்கவில்லை. வாப்பா இரண்டு கிழமையாகக் கடலுக்குப் போகவில்லை, நேவி விடவில்லை, வீட்டில் இருந்து வலையைப் பொத்துகிறார், பொத்தின இடத்தையே திரும்பவும் பொத்துகிறார். கொமினிகேசன் கடையில் போய் உன்னோடு கதைத்தால் பின்னால் நிற்கிற பத்துப் பேரும் கேட்பார்கள், இது அலியார் மாமா வீட்டு விஷயம், அதனால்தான் எழுதுகிறேன். கோபப்படாமல் முழுதும் வாசி. பிழை என் பக்கமும் இருக்கிறது.

உனக்குத் தெரிந்ததையும் சேர்த்து வரிசையாக எழுதினால்தான் எனக்குத் தலை நேராகும். மாமாவின் மகள் உம்மு குல்சுமின் பிள்ளை நிஸாவுக்கு நாலு வயது முடிந்துவிட்டது. தலசீமியா என்று மாதத்துக்கு ஒரு தரம் பாதைப் படகில் ஏறித் தண்ணீர் கடந்து அக்கரை ஆசுபத்திரியில் இரத்தம் ஏற்றிக்கொண்டு வருகிறார்கள். வயிறு மட்டும் வீங்கி, கையும் காலும் ஈர்க்கில் மாதிரி. கெட்ட இரத்தம் பெண் பக்கம் என்று சொல்லி மாப்பிள்ளை வீட்டார் தங்கள் மகனைக் கூட்டிக்கொண்டு போய்விட்டார்கள், முப்பது வயது ஆம்பிளை, உம்மாவின் சீலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு போகிறவன் மாதிரிப் போனான். அந்தப் பிள்ளையை நினைத்துத்தான் நீ எழுதினாய், றஹ்மாவுக்கும் உம்மு குல்சுமின் தம்பி ஹிஸ்புல்லாவுக்கும் நிக்காஹ் பேசியிருப்பதால் இரண்டு பேரும் முதலில் இரத்தம் பார்க்க வேண்டும் என்று. கூடப்பிறந்த காக்கா என்றும் பாராமல் நான் சண்டை பிடித்துத்தான் மாமாவைச் சம்மதிக்க வைத்தேன். றஹ்மாவின் ரிப்போட்டில் காவி என்று வந்தது, நோய் இல்லை, ஆனால் அந்தப் பிழையைக் காவிக்கொண்டு திரிகிறாள். ஹிஸ்புல்லாவின் ரிப்போட் சுத்தம். ஒருவருக்கு மட்டும் இருந்தால் பயமில்லை என்று நீ எழுதிய வரியைப் பிடித்துக்கொண்டு மார்ச் நாலாம் திகதி நிக்காஹ் என்று நாள் வைத்தோம், றஹ்மாவுக்குக் கட்டின வீட்டுக்குக் கதவும் போட்டாயிற்று.

போன வியாழன் பகல் நான் குசினியில் மீன் கழுவிக்கொண்டு நிற்க, ஹிஸ்புல்லா பின்பக்கத்தால் வந்தான். வந்தவன் கதிரையில் இருக்கவில்லை, கதவு நிலையைப் பிடித்துக்கொண்டே நின்றான். “மாமி, அந்த ரிப்போட் என்ட இல்ல. அது முனாப் காக்காட ரத்தம்” என்றான். என் கையில் இருந்த மீன் சட்டிக்குள் விழுந்தது. நடந்தது என்னவென்றால், சண்டைக்குப் பயந்து மூதூரிலிருந்து ஓடி வந்த நேரம் இவனுடைய ஐடென்டிகாட் தொலைந்துபோனது உனக்குத் தெரியும். இரத்தம் கொடுக்கப் போன அன்றைக்குப் படகு ஏறுகிற ஜெட்டியில் ஆமிக்காரன் மறித்து, கிராம சேவகர் எழுதித் தந்த துண்டு செல்லாது என்று திருப்பி அனுப்பியிருக்கிறான். திரும்பி வந்தவனைப் பார்த்து மாமா, மூத்தவன் முனாப் போகட்டும், அண்ணன் தம்பிக்குள் என்ன வேறு இரத்தம் என்று சொல்லி, ஹிஸ்புல்லாவின் பெயரைச் சொல்லிக் கை நீட்ட அவனை அனுப்பியிருக்கிறார். “ஏன்டா இவ்வளவு நாளும் வாயில என்ன கொழுக்கட்டயா வெச்சிருந்த?” என்று கேட்டேன். அவன் என் முகத்தைப் பார்த்து, “நீங்கதானே மாமி கடிதத்த வாசிச்சிங்க, எங்க எடுத்தாலும் ஒண்டுதானெண்டு றம்ஸியா மச்சி எழுதியிருக்காண்டு” என்றான். ஓம், நான்தான் வாசித்தேன். மாமா வீட்டில் எல்லோரையும் இருத்தி, என் மகள் என்னவெல்லாம் படிக்கிறாள் பாருங்கள் என்ற பெருமையில் வாசித்தேன்.

இப்போது அந்தக் கடிதத்தை எடுத்து நாலு தரம் வாசித்துவிட்டேன். ஒரு ஆளின் உடம்பில் ஒவ்வொரு கலத்திலும் ஒரே வாசகம் இருக்கிறது என்றுதான் நீ எழுதியிருக்கிறாய், ஒரு குடும்பம் முழுவதற்கும் ஒன்று என்று எழுதவில்லை. அதை வாசித்த நானும் பிரித்துச் சொல்லவில்லை, கேட்ட மாமா தனக்கு வசதியானதை எடுத்துக்கொண்டார். இது எனக்கு இப்போது விளங்குகிறது. விளங்காததையும் எழுதுகிறேன், சிரிக்காதே. அந்த வாசகத்தை உடம்பு அப்படியே பாவிப்பதில்லை, ஆர்.என்.ஏ என்று ஒரு நகல் எடுத்து, நகலில் சில துண்டுகளை வெட்டி எறிந்துவிட்டு மிச்சத்தை ஒட்டுகிறது என்கிறாய். சரி. ஒட்டுகிற விதத்தை மாற்றினால் அதே வாசகத்திலிருந்து தசைக்கு ஒரு சாமான், மூளைக்கு வேறொரு சாமான் என்கிறாய், எந்தச் சாமான் எங்கே எவ்வளவு உண்டாக வேண்டும் என்பதையும் பாதி அந்த வெட்டுத்தான் தீர்மானிக்கிறது என்கிறாய். அதற்கும் சரி என்று வைத்துக்கொள்வோம். பிறகு நிஸாவுக்கு வந்தால், வெட்டுகிற இடத்துக்குப் பக்கத்தில் ஒரேயொரு எழுத்து மாறிப்போய்க் கத்தி இடம் தவறுகிறது, இரத்தத்தைச் சிவப்பாக்குகிற சாமான் போதியளவு வராது என்கிறாய். அப்படியென்றால் வேறு விதமாக வெட்டுவது உடம்பின் கெட்டித்தனமா, பிழையா? மூளையில் செய்தால் கெட்டித்தனம், நிஸாவில் செய்தால் நோயா? வெட்டுகிறது ஆர்? அதற்கு ஆர் சொல்லிக் கொடுக்கிறார்? போன கிழமை இங்கே விறகுக்குப் போன ஒரு ஆள் வெடியில் செத்துப்போனார், பிள்ளை குட்டிக்காரர், வாப்பாவுக்குத் தெரிந்தவர். ஒரு ரேடியோ அவரைப் பயங்கரவாதி என்றது, மற்ற ரேடியோ அவரைத் துரோகி என்றது. ஒரே மையித்து, வெட்டி ஒட்டினவனைப் பொறுத்து ஆளே மாறிப்போகிறார். உன் கடிதத்தை வாசிக்கும்போது எனக்கு அதுதான் நினைவுக்கு வந்தது, ஆனால் உடம்புக்குள் அப்படிக் களவு நடக்கிறது என்று நீ சொல்லவில்லை, அதனால் என் ஒப்புமையும் பிழையாக இருக்கலாம். இன்னொன்று, இரண்டு பேரும் காவி என்றால் நாலில் ஒரு பிள்ளைக்கு வரும் என்று எழுதியிருக்கிறாய். மூன்று பிள்ளையோடு நிறுத்தினால் தப்பலாமோ என்று நான் உம்மு குல்சுமிடம் கேட்டேன். “எனக்கு முதல் பிள்ளையே அதுதானே மாமி” என்றாள். அதற்குப் பிறகு நான் அந்தக் கணக்கை விட்டுவிட்டேன்.

வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து மாமா சாப்பிட்டு எழும்பும் வரைக்கும் பொறுத்திருந்து போனேன். நாம் றஹ்மாவுக்குக் கட்டின வீட்டில்தான் மூதூரிலிருந்து வந்த நாள் முதல் அவர்கள் இருக்கிறார்கள், போய் நிற்கவே எனக்கு ஒரு மாதிரி இருந்தது, வீட்டைக் கொடுத்துவிட்டு அதிகாரம் காட்டுகிறாள் என்று நினைப்பார்களே என்று. ஹிஸ்புல்லா தானே இரத்தம் கொடுக்காமல் நிக்காஹ் நடக்காது காக்கா என்று சொன்னேன். அவர் வெற்றிலையைத் துப்பிவிட்டு, “ஒரு வாப்பா ஒரு உம்மா, ரத்தம் மட்டும் ரெண்டாமா? தங்கச்சி, உன்ட மகள் வெள்ளக்காரன்ட நாட்டுக்குப் போய் எங்கட வீட்ட நோய் வீடாக்கிறாளா?” என்றார். நோய் அவள் எழுதி வந்ததில்லை, உங்கள் மடியில் இருக்கிறது என்று நிஸாவைக் காட்டினேன். சொன்ன பிறகுதான் பிள்ளை எங்களைப் பார்த்துக்கொண்டிருக்கிறது என்று கண்டேன், வெட்கமாகப் போய்விட்டது. அவர் குரலை இறக்கவில்லை. “பொடியன ஐடி இல்லாம அக்கரைக்கு அனுப்பி, பிடிச்சிட்டுப் போனா நீ பொறுப்பா? போன பொடியனுகள் எத்தன பேர் திரும்பி வந்த? சொல்லு!” என்றார். அது உண்மை மகள். ஒரு பொடியன் தன் இரத்தத்தைத் தான் கொடுப்பதற்கே துவக்குத் தூக்கின ஆமிக்காரனிடம் உத்தரவு கேட்க வேண்டிய நாடு இது. பிறக்காத பிள்ளைக்காகப் பிறந்த பிள்ளையைப் பலி கொடுக்கச் சொல்கிறேனோ என்று எனக்கே தோன்றியது.

அந்த நேரம் உம்மு குல்சும் உள்ளேயிருந்து வந்தாள். அவள் வாப்பாவின் முன்னால் வாய் திறக்கிற ஆள் இல்லை. “வாப்பா, நானும் நல்லாத்தானே இருந்த. அவரும் நல்லாத்தானே இருந்தார். ரெண்டு பேரும் ஒரு நாள் படுத்ததில்ல. அப்ப ஒருத்தரும் ரத்தம் பாக்கச் சொல்லல்ல, பேச்சு மட்டும் எனக்கு” என்றாள். பிறகு அவள் என்னிடம் திரும்பி, ஹிஸ்புல்லா ஏன் போக வேண்டும், இரத்தம் போனால் போதாதா என்று கேட்டாள். இங்கே டிஸ்பென்சரி நேர்ஸ் எடுத்துத் தந்தால், செவ்வாய்க்கிழமை நிஸாவைக் கொண்டுபோகும்போது ஐஸ் போட்ட பிளாஸ்கில் வைத்துத் தானே கொண்டுபோவதாகச் சொன்னாள், ஜெட்டியில் நிற்கிறவர்களுக்கு மாதா மாதம் பார்த்து அவளையும் பிள்ளையையும் தெரியும். “ரத்தத்திட்ட ஐடி கேக்க மாட்டானுகள் மாமி” என்றாள். மூன்று மாதமாக இத்தனை ஆம்பிளைகள் இருந்து ஒருவருக்கும் அந்தப் புத்தி வரவில்லை. எனக்கும் வரவில்லை.

ஆகவே நாளைக்கு டிஸ்பென்சரியில் எடுக்கிறோம், ஊசி ஏறுகிற கை ஹிஸ்புல்லாவின் கைதானா என்று பக்கத்தில் நின்று பார்ப்பேன். பதில் வர மூன்று கிழமைக்கு மேல் செல்லுமாம், அதனால் நாலாம் திகதி நிக்காஹ் இல்லை என்று பள்ளிவாசலுக்கும் சொல்லிவிட்டேன். மாமா என்னோடு கதைப்பதில்லை. வாப்பா, “உன்ட காக்காவோட நீ மல்லுக்கட்டு, எனக்கு வல இரிக்கி” என்கிறார். றஹ்மாதான் கஷ்டம். பதில் பிழையாக வந்தாலும் அவனையே நிக்காஹ் முடிக்கிறேன், பிள்ளை பெறாமல் இருக்கிறேன் என்றாள். ஒரு வருசம் பொறுப்பார்கள், இரண்டாம் வருசம் உன்னை மலடி என்பார்கள், மூன்றாம் வருசம் அவனுக்கு வேறு பெண் பார்ப்பார்கள் என்று சொன்னேன். “அப்ப நான் ஆரோட கோவிக்கிற உம்மா? அவரோடயா, மாமாவோடயா, ராத்தாவோடயா?” என்று கேட்டாள். ராத்தா என்றது உன்னைத்தான். பிழை செய்த ஆள் ஒருவர் இருந்தால் நான் போய் அவர் வாசலில் நின்று ஏசிவிட்டு வருவேன், நீ காட்டுவதோ கண்ணுக்குத் தெரியாத ஒரு எழுத்து. அவளுக்குத் தனியாக ஒரு கடிதம் போடு. ஆர்.என்.ஏ எல்லாம் வேண்டாம், அக்கா தங்கைக்கு எழுதுகிற மாதிரி எழுது.

நேரத்துக்குச் சாப்பிடு, தொழுகையை விடாதே, தெரியாத ஆட்களோடு நாட்டுக் கதை கதைக்காதே. அல்லாஹ் உன் அறிவையும் ஆயுளையும் நீளமாக்கி வைக்கட்டும், எல்லா ஆபத்துகளிலிருந்தும் காக்கட்டும். கடைசியாக ஒன்று, மறக்காமல் செய். நாலு கடிதத்திலும் உம்மு குல்சுமைப் பற்றி எழுதியிருக்கிறாய், றஹ்மாவைப் பற்றி எழுதியிருக்கிறாய், என்னையும் வாப்பாவையும்கூட இரத்தம் பார்க்கச் சொல்லியிருக்கிறாய். உன்னைப் பற்றி ஒரு வரி இல்லை. தங்கைக்கு இருந்தால் உனக்கும் இருக்கலாம் என்பது, படித்த உனக்குத் தெரியாமல் இருக்காது. நீ பார்க்கவில்லையா, அல்லது பார்த்துவிட்டு எனக்குச் சொல்லவில்லையா? எதுவானாலும் எழுது, நான் தாங்குவேன்.

இப்படிக்கு,
உன் பதிலுக்குக் காத்திருக்கும் உம்மா,
சித்தி பரீதா