வேடன் பாட்டில் ஒரு புலி

2009 ஆகஸ்ட் 14, வெள்ளி. எனக்கு இன்றோடு எழுபத்து மூன்று வயதும் நான்கு மாதமும்.

தம்பியை இராணுவ முகாமில் விட்டுவிட்டு வந்திருக்கிறேன். கோயில் முன்றலில் கூத்தாட அனுமதி கேட்டுத்தான் இருவரும் போனோம். அவன்தான் கூத்துப் பழக்கி ஆடுகிற அண்ணாவியார். பாட்டெல்லாம் எழுதியிருக்கும் கூத்துக் கொப்பியை முகாமில் முன்பே வாங்கி இரண்டு நாள் படித்திருக்கிறார்கள். வேடன் பாட்டில் புலி வருகிறதாம்.

"ஐயா, புலிய எடுத்துப்போட்டு நரி எண்டு பாடுங்க. துரை கையெழுத்து வைப்பார்" என்றார் மொழிபெயர்ப்பாளர்.

"நரியக் கண்டு ஓடுற வேடன உங்கட துரை எங்கயும் கண்டிருக்காரா? இது பூட்டன் பாடின வரி. ஒரு எழுத்து மாறினாலும் நான் சதங்கை கட்டமாட்டன்" என்றான் தம்பி.

சிரிப்பு வந்தது எனக்கு மட்டும்தான். அதிகாரி அவனுடைய அடையாள அட்டையை மேசை லாச்சிக்குள் போட்டுப் பூட்டினார். விசாரணை இருக்கிறது, அம்மா போகலாம் என்றார்கள். பின்னேரம்வரை வாசலில் நின்றேன். நிற்பதற்கு மேல் ஒன்றும் செய்ய முடியவில்லை.

"நீங்க ஒரு வார்த்தை சொல்லியிருந்தா விட்டுக்குடுத்திருப்பாரே மச்சாள்" என்று அவன் மனைவி அழுகிறாள். சொல்லியிருந்தால் விட்டிருப்பான். அதுதான் உறங்கவிடவில்லை.

2004இல் கடல் ஊருக்குள் வந்த கிழமை, மகளைப் பறிகொடுத்துவிட்டுத் தண்ணீரும் குடியாமல் கிடந்தான். கடலில் நனைந்த பூட்டனின் கூத்து ஏட்டை நான் கொப்பியில் பெயர்த்தெழுதிக் கொடுத்த அன்றுதான் எழுந்து சோறு தின்றான். சண்டைக்காலம் முழுதும் ஆடாத கூத்து. முழுப் பாட்டும் எவருக்கும் நினைவில்லை.

கொப்பியைப் புரட்டிவிட்டு, "ஒண்டும் அழியல்லக்கா" என்றான். நானும் ஓம் என்றேன்.

வேடன் பாட்டு இருந்த ஏட்டில் ஓர் எழுத்தும் மிஞ்சவில்லை. அந்தப் பாட்டை, புலியோடு சேர்த்து, எழுதியவள் நான்.