என் பேரில் இருந்த லாரி

6-2-1978, திங்கள்

சின்னவளுக்குக் காய்ச்சல் விட்டிருந்தது. கஞ்சி ஊற்றிக்கொண்டிருந்தபோது ஆற்றங்கரையிலிருந்து ஆள் ஓடிவந்தான். அனுமதிச் சீட்டு இல்லாமல் மணல் ஏற்றிய எங்கள் லாரியைத் தோட்டத்துச் சொந்தக்காரர் குப்பண்ணன் வழியில் படுத்து மறித்தாராம். அவர் கிணறு ஆற்றோரம்தான். மணல் போனால் தண்ணீரும் போய்விடும் என்று ஒரு மாதமாகச் சொல்லிவந்தவர். என் வீட்டுக்காரர் செங்கோட்டையன் ஜாக்கி லீவரால் அவர் முழங்காலில் அடித்திருக்கிறார். ஒரு அடி இல்லை. எலும்பு வெளியே வரும்வரை. இவரையும் லாரியையும் போலீஸ் கொண்டுபோய்விட்டது.

10-2

ஜாமீனில் வந்துவிட்டார். வேட்டி ஓரத்தில் ரத்தக்கறை. துவைக்கச் சொன்னார். துவைத்தேன். ஏன் துவைத்தேன்?

13-2

லாரி ஸ்டேஷன் வளவில் வெயிலில் நிற்கிறது. கேஸ் முடியும்வரை தற்காலிகமாக விடச்சொல்லிக் கோர்ட்டில் மனுப் போடலாமாம். ஆனால் ஆர்.சி. புத்தகத்தில் யார் பேரோ அவர்தான் கேட்க வேண்டும் என்றார் வக்கீல். சுப்பாத்தாள். என் பேர்தான். அப்பன் எனக்குக் கொடுத்த தோட்டத்தை விற்று வாங்கிய வண்டி.

"திரும்ப ஆத்துக்குத்தானுங்க ஓட்டுவீங்க? நான் கையெழுத்துப் போடமாட்டனுங்க" என்றேன். தலைமயிரைப் பிடித்து அம்மிக்கல்லில் மோதினான். மோதினான் — ஆமாம், இனி இவனுக்கு 'ர்' இல்லை. இடது காது கேட்கவில்லை.

"கையெழுத்துப் போடுறயா, புள்ளையில ஒண்ணத் தூக்கிக் கெணத்துல போடட்டுமா?"

போட்டேன்.

20-2, சித்தூர் கோர்ட்

முந்தானையால் காதை மறைத்துக்கொண்டு போனேன். கேரளத்துக் கோர்ட், மாஜிஸ்ட்ரேட் மலையாளத்தில் கேட்டார். வண்டியை விற்கக் கூடாது, உருமாற்றக் கூடாது, கூப்பிட்டால் கொண்டுவர வேண்டும், மறுபடி மணலுக்குப் போகக் கூடாது. எல்லாவற்றுக்கும் பொறுப்பேற்கிறீர்களா?

அவன் கதவருகே நின்றான்.

"என்னால முடியாதுங்க. வெளிய வந்தா வண்டிய அவருதான் எடுப்பாருங்க. மறிக்கிற ஆள அடிப்பாருங்க. இந்தக் கையெழுத்தே அடிச்சு வாங்குனதுங்க."

மனு தள்ளுபடி.

வெளிப்படியில் செருப்பைக் கழற்றி முகத்தில் அடித்தான். பிறகு கழுத்து. கண் இருண்டது. இரண்டு கான்ஸ்டபிள் சேர்ந்துதான் விரல்களைப் பிரித்தார்கள். ஜாமீன் ரத்து. உள்ளே போனான்.

21-2

பல் ஒன்று போயிற்று. கஞ்சிகூட இறங்கவில்லை.

2-3

ஆஸ்பத்திரிக்குப் போனேன். குப்பண்ணனுக்குக் காலை எடுத்துவிட்டார்கள். அவர் மனைவி மருதாத்தாள் எழுந்துவந்து என் கன்னத்தில் அறைந்தாள். நின்றேன். இன்னொன்று. நின்றேன். அப்போது என் கழுத்தில் இருந்த விரல் தடத்தைப் பார்த்தாள். ஓங்கிய கை இறங்கியது.

"கோர்ட்டுல அப்படிச் சொன்னது நீதானா?"

14-3

வீட்டில் வேறு வருமானமில்லை. இரண்டு பெண்பிள்ளைகள். என் விருப்பத்தில் புது மனு போடலாம், நிலவரி ரசீதோடு ஒரு ஜாமீன்தாரர் வேண்டும் என்கிறார் வக்கீல். அண்ணன்மாரிடம் போனேன். "உன்ற புருசன் கேசு. எங்கள இழுக்காத."

22-3

கோர்ட் வாசலில் மருதாத்தாள். கையில் வரி ரசீது. ஜாமீனுக்கு ஆள் கிடைக்கவில்லை என்று கேள்விப்பட்டு வந்தாளாம்.

"ஏனுங்கக்கா, நீங்களா?"

"கேக்க ஆளில்லாம வண்டி ஏலத்துக்குப் போனா இன்னொருத்தன் வாங்கி அதே ஆத்துல எறக்குவான். உன்ற கையில இருந்தா எறங்காது. எறங்குச்சு, நானே உன்ன வெட்டிப் போடுவேன்."

கட்டைவிரலில் மை தடவிக் கைநாட்டு வைத்தாள். பக்கத்தில் நான் கையெழுத்துப் போட்டேன். வண்டியை என்னிடம் விட்டார்கள்.

9-5

அவன் மறுபடி ஜாமீனில் வெளியே வந்துவிட்டான். காலையில் நேராக வாசலுக்கு வந்து, "சாவியக் குடு" என்றான்.

"கோர்ட்டுல எழுதிக் குடுத்தவ நானு. நீ தொடக் கூடாது."

கையை ஓங்கினான். தேங்காய் சீவிக்கொண்டிருந்த கொடுவாளை அவன் மணிக்கட்டில் வைத்து அழுத்தினேன். தோல் பிரிந்து ரத்தம் சொட்டியது. அவன் கண்ணில் பயத்தைப் பன்னிரண்டு வருஷத்தில் இன்றுதான் பார்க்கிறேன். திரும்பி நடந்தான். பஸ் ஏறி அவன் அம்மா ஊருக்குப் போனானாம்.

மத்தியானம் லாரி பொள்ளாச்சி சந்தைக்குப் புறப்பட்டது. தக்காளிக் கூடைகள். மருதாத்தாள் தோட்டத்துத் தக்காளி.