குடைக்காரிக்கு எத்தனையாவது இடம்?

மார்ச் 2

அன்புள்ள அக்காவுக்கு,

எப்படி இருக்கிறாய் என்று கேட்க மாட்டேன். கேட்டால் ரத்தப் பரிசோதனைத் தாளை மேலிருந்து கீழ் வரை ஒப்பிப்பாய். போனிலும் பேசப் போவதில்லை. போன தடவை முதலில் நீ அழுதாய், அப்புறம் நான் அழுதேன், யார் வைத்தது என்று தெரியாமலே போன் கட்டானது. கடிதம் என்றால் நடுவில் நீ என் பேச்சை வெட்ட முடியாது.

முதல் செய்தி. நம் 'கல்வாசல்' வீடியோ விளையாட்டுக்கு முப்பது வயதாகிறது. ரசிகர் மன்றம் சிறப்பு மலர் போடுகிறது. ஒன்பது பாகங்களிலும் வந்த மந்திரவாதிகளில் மிகப் பலசாலிகள் பத்துப் பேரை வரிசைப்படுத்தித் தரும்படி நம் இருவரையும் கேட்டிருக்கிறார்கள். அட்டையில் 'அக்காவும் தம்பியும் தரும் பட்டியல்' என்று இப்போதே அச்சடித்துவிட்டார்களாம். ஏப்ரல் கடைசிக்குள் அனுப்ப வேண்டும்.

நான் போட்ட வரிசையை இத்துடன் வைத்திருக்கிறேன். முதலிடம் குடைக்காரி. இரண்டாமிடம் கரண்டி சித்தப்பா. மூன்றாவது இருமல்காரர். விளையாட்டில் வரும் அந்நிய மொழியைப் படிக்கத் தெரியாமல் நாம் வைத்த பெயர்கள்தான், மன்றத்தில் பாதிப் பேர் இப்போது அப்படித்தான் கூப்பிடுகிறார்கள்.

இரண்டாம் செய்தி உனக்கே தெரியும். என் கிட்னி உனக்குப் பொருந்துகிறது. டாக்டர் ஏப்ரல் 21-ஆம் தேதியை நமக்காகப் பிடித்து வைத்திருக்கிறார். நான் கையெழுத்துப் போட்டாயிற்று. உன் கையெழுத்து ஏப்ரல் 5-க்குள் போகாவிட்டால் அந்தத் தேதி வேறு யாருக்காவது போய்விடும். லிஃப்ட் கம்பெனியில் லீவும் சொல்லிவிட்டேன். எனக்குத் துளிகூடப் பயமில்லை.

உன் வாலு


மார்ச் 9

என் வாலுத் தம்பிக்கு,

இதை டயாலிசிஸ் நாற்காலியில் உட்கார்ந்து எழுதுகிறேன். இடது கை இயந்திரத்திடம் இருக்கிறது, வலது கை உன்னிடம். நான்கு மணி நேரம் ஆகும், அதனால் நிதானமாகவே திட்டலாம்.

குடைக்காரிக்கு முதலிடமா? நான்காம் பாகத்தில் வருகிற ஒரு நோஞ்சான். கையில் கிழிந்த குடை. அவளிடம் இருப்பது ஒரே ஒரு பெரிய மந்திரம். செத்து விழுந்த கூட்டாளிக்குத் திரையில் தன் உயிர் எவ்வளவு என்று காட்டும் உயிர்க்கோட்டில் பாதியைக் கொடுத்து எழுப்பலாம். அதுவும் ஆட்டம் முழுக்க ஒரே ஒரு தடவை. அதன் பிறகு கடைசி வரை அவளுக்குப் பாதிக் கோடுதான். கரண்டி சித்தப்பாவைப் பார். அந்தக் கரண்டிக் கோலை ஒரு சுற்றுச் சுற்றினால் எதிரி ஒவ்வொருவனுக்கும் 9,999 அடி, எத்தனை முறை வேண்டுமானாலும். நான் கணக்கு டீச்சர், என் தலைக்குள் இருப்பது களிமண் இல்லை. நீ எதற்காக அவளை மேலே தள்ளுகிறாய் என்று எனக்குத் தெரியாதா?

கையெழுத்தைப் பற்றி: அவசரம் வேண்டாம். வாரம் மூன்று நாள் இங்கே வருகிறேன், ஓடுகிறது. தண்ணீர்தான் கஷ்டம். நாள் முழுக்க மூன்று டம்ளர் கணக்கு. பள்ளியில் பிள்ளைகள் பாட்டிலைத் தலைகீழாகக் கவிழ்த்துக் குடிக்கும்போது கரும்பலகைப் பக்கம் திரும்பிக்கொள்கிறேன். மற்றபடி சமாளிக்கலாம். இயந்திரமும் கைவிடுகிற ஒரு நாள் வந்தால் அப்போது உன்னிடம் கேட்கிறேன். கடைசிக்கு ஒன்று கையிருப்பில் இருக்கட்டுமே.

ஒழுங்காகச் சாப்பிடு.

உன் அக்கா


மார்ச் 14

அக்காவுக்கு,

'கடைசிக்கு இருக்கட்டும்.' இந்த வார்த்தையை எனக்குப் பதினொரு வயதிலிருந்து கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

நான்காம் பாகத்துக் கடைசிப் பாலம் ஞாபகம் இருக்கிறதா? முதல் ரிமோட் உன்னிடம், நீ குடைக்காரி. இரண்டாவது என்னிடம், நான் வாள்காரன். பாலத்தின் நடுவில் நான் செத்து விழுந்தேன். "அக்கா, அந்த மந்திரத்தப் போடுக்கா, ஒரே ஒரு தடவைக்கா"ன்னு கெஞ்சினேன். "இருடா, கடைசிக்கு வேணும்"னு சொன்னாய். நான் பாலத்தில் குப்புறக் கிடக்க, நீ தனியாகக் கோட்டை வரை போய், தனியாகவே ஜெயித்தாய். மந்திரம் உன் பையிலேயே இருந்தது. ஆட்டம் முடிந்து பெயர்களெல்லாம் ஓடும்போதும் இருந்தது. இரண்டு மணி நேரம் நான் கையில் ரிமோட்டை வைத்துக்கொண்டு வெறுமனே உட்கார்ந்திருந்தேன், அக்கா.

வெறும் விளையாட்டுதான். ஆனால் நீ எல்லா விளையாட்டிலும் அப்படித்தான். ஒன்பது பாகத்திலும் உன் பை நிறைய மருந்துக் குப்பி, ஒன்றைக்கூடத் திறக்க மாட்டாய்.

டாக்டரிடம் கேட்டேன். தள்ளிப் போடப் போட உன் உடம்பு தளர்ந்துகொண்டே போகுமாம். எனக்கும் வயது முப்பத்து நான்கிலேயே நிற்கப் போவதில்லை. நீ சொல்கிற அந்தக் கடைசி நாளில் என்னிடம் கொடுக்கத் தகுந்தது இருக்குமா என்று யாருக்குத் தெரியும்?

இன்னும் மூன்று வாரம்தான் இருக்கிறது.

வாலு


மார்ச் 22

தம்பி,

உன் கடிதத்தை மூன்று தடவை படித்தேன். பாலத்து விஷயம் இவ்வளவு நாள் உன் மனசில் இருந்தது எனக்குத் தெரியாது. மன்னித்துக்கொள்.

ஆனால் ஒன்று கேட்கிறேன். துளிகூடப் பயமில்லை என்று எழுதினாயே, அது யாருக்காக? போன வாரம் உன் மனைவி என்னைக் கூப்பிட்டாள். லிஃப்ட் குழிக்குள் இறங்கினவன் ஸ்பேனரைக் கையில் பிடித்தபடி அரை மணி நேரம் அசையாமல் நின்றாயாமே. மேலே இருந்த கூட்டாளி மூன்று முறை கத்திக் கூப்பிட்டும் உனக்குக் கேட்கவில்லையாமே. "அவர் என்கிட்ட எதையும் சொல்றதில்ல அண்ணி. சாப்பாட்டத் தட்டுலயே அளைஞ்சுட்டு எழுந்து போயிடறார்"னு அழுதாள்.

அம்மாவும் சரியில்லை. நேற்றுத் துணி மடித்துக்கொண்டே இருந்தவள் திடீரென்று, "ரெண்டு பேரையும் ஒரே நாள்ல உள்ள அனுப்பிட்டு நான் எந்தக் கதவப் பாத்துடி உக்காருவேன்?" என்றாள். மடித்த துணியையே திரும்பப் பிரித்து மடித்துக்கொண்டிருந்தாள்.

எனக்கு ஏதாவது ஆனால் அது என் வியாதி, என் தலையெழுத்து. உனக்கு ஏதாவது ஆனால் அது நான் செய்தது. அதற்கப்புறம் நான் எப்படி ஒரு வாய் சோறு தின்பேன்? அன்று பாலத்திலும் இந்தக் கணக்குதான் போட்டேன். அதை உனக்கு எடுத்துச் சொல்ல அப்போது எனக்குத் தெரியவில்லை. அந்த மந்திரத்தைப் போட்டால் குடைக்காரி அதற்கப்புறம் தாங்குவாளா என்று எனக்குத் தெரியாது. இங்கிலீஷ் வழிகாட்டிப் புத்தகத்தில் பாதிக் கோடு என்று போட்டிருந்ததே தவிர, அதோடு கோட்டை வரை போக முடியுமா என்று போடவில்லை. தெரியாத ஒன்றை எப்படிச் செய்வது? இப்போதும் அதேதான் கேட்கிறேன்.

பயமே இல்லை என்று சொல்கிறவனிடமிருந்து நான் எதையும் வாங்கிக்கொள்ள மாட்டேன். அவன் எதைக் கொடுக்கிறான் என்று அவனுக்கே தெரியாது.

அக்கா


மார்ச் 27

அக்கா,

சரி. பயமாக இருக்கிறது.

மயக்க மருந்து கொடுத்த பிறகு எழுந்திருக்காமலே போய்விடுவேனோ என்று பயம். எழுந்து, இனிமேல் கனமான மோட்டாரைத் தூக்க முடியாமல் போனால் என்னை ஆபீசில் போன் எடுக்க உட்கார வைத்துவிடுவார்களோ என்று பயம். எனக்கு யாரிடமும் போனில் பேசத் தெரியாது, உனக்கே தெரியும். மிச்சம் இருக்கிற ஒன்றுக்கும் நாளைக்கு ஏதாவது வந்தால் என்ன செய்வேன் என்று பயம். எல்லாவற்றையும் தாண்டி இன்னொன்று இருக்கிறது. கொடுத்த பிறகு அது உனக்குள் வேலை செய்யாமல் போனால் நீ என் முகத்தைப் பார்க்க மாட்டாய். அன்றைக்குக் குழிக்குள் நின்று இதைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். மேலே லிஃப்டை நிறுத்தித்தான் வைத்திருந்தோம். ஆனாலும் தலைக்கு மேலே அது தொங்குவது அன்றைக்குத்தான் முதல்முறையாக எனக்கு உறைத்தது. பன்னிரண்டு வருஷமாக இறங்குகிறேன்.

உன் கடிதத்தை அப்படியே என் மனைவியிடம் கொடுத்துவிட்டேன். படித்துவிட்டு, "இத என்கிட்ட முதல்லயே சொன்னா வாய் வெந்தா போயிடும்?"னு திட்டினாள். அதற்கப்புறம்தான் இரண்டு பேரும் டாக்டரிடம் போனோம். அவள் கேட்ட கேள்வியில் பாதி எனக்குத் தோன்றியே இருக்காது. ஆபத்தே இல்லை என்று டாக்டர் சொல்லவில்லை. குறைவு என்றார். மிச்சம் இருக்கிற கிட்னி கொஞ்ச நாளில் தானே சற்றுப் பெரிதாகி இரண்டு பேர் வேலையை இழுத்துப் போட்டுக்கொள்ளுமாம். ஆறு வாரம் கழித்துக் கொஞ்சம் கொஞ்சமாக எடை தூக்கலாமாம்.

பயம் போகவில்லை. இருந்தாலும் கொடுக்கிறேன். இதற்கு மேல் எனக்கு எழுதத் தெரியவில்லை. பட்டியலை நீயே போட்டுக்கொள், குடைக்காரியைப் பத்தாமிடத்தில் வைத்தாலும் சண்டைக்கு வர மாட்டேன். கையெழுத்தை மட்டும் போடு.

தம்பி


ஏப்ரல் 4

அன்புத் தம்பிக்கு,

பரணிலிருந்து பழைய விளையாட்டுப் பெட்டியை இறக்கினேன். ஒட்டடை, பல்லி முட்டை, அம்மாவின் வசவு எல்லாமாகச் சேர்ந்து இறங்கியது. மெமரி கார்டு இன்னும் உயிரோடு இருக்கிறது. பாலத்துக்கு முன்னால் நான் ஒரு நகல் எடுத்து வைத்திருந்தேன். எனக்கு எதிலும் ஒரு நகல் வேண்டும், தெரியும்தானே.

இரண்டாவது ரிமோட்டுக்கு ஆள் இல்லை. அம்மாவைப் பிடித்து உட்கார வைத்தேன். "இதுல எந்தப் பொம்ம நம்ம பையன்?" என்று கேட்டாள். வாள்காரனைக் காட்டினேன். "இவன எப்படிடி நடக்க வைக்கிறது? என்னடி, சுவத்துலயே போய் முட்டிக்கிறான்! டேய், இந்தப் பக்கம் வாடா!" என்று அவனிடமே பேச ஆரம்பித்துவிட்டாள். பாலத்தின் பாதியில் நீ விழுந்தாய். அம்மா ரிமோட்டைக் கீழே வைத்துவிட்டு என் முகத்தைப் பார்த்தாள். விளையாட்டுதான் என்று நான் சொல்லவில்லை, அவளும் சொல்லவில்லை.

மந்திரத்தைப் போட்டேன்.

குடைக்காரி குடையை மடக்கிக் கீழே ஊன்றினாள். நீ எழுந்தாய். அவள் கோடு பாதியானது. அவ்வளவுதான், பெரிய இடியும் மின்னலும் ஒன்றும் இல்லை. அதற்கப்புறம் அவள் கொஞ்சம் மெதுவாக நடக்கிறாள், குடையைக் கைத்தடி மாதிரி ஊன்றிக்கொண்டு. இத்தனை வருடம் அந்த நடையை நான் பார்த்ததே இல்லை.

அங்கேயே நிறுத்தியிருக்கலாம். ஆனால் எனக்குத் தெரிந்தாக வேண்டியது அதில்லையே. பாதிக் கோட்டோடு அவள் போய்ச் சேர்வாளா என்பதுதான். ஐந்து நாள் ஆடினோம். நான்கு தடவை செத்தாள். நான்கு தடவையும் பாலத்திலிருந்து திரும்ப ஆரம்பித்தேன். ஒவ்வொரு தடவையும் அம்மா, "நீ முன்னால போகாத, அவன முன்னால விடு. அவன்தான் நல்லாருக்கான்ல, அவன் பாத்துப்பான்" என்றாள். ஐந்தாவது தடவை அப்படியே செய்தேன். வாள்காரன் முன்னால், குடைக்காரி பின்னால். நான் சேர்த்து வைத்த குப்பிகள் எல்லாவற்றையும் திறந்தேன், தம்பி. நாற்பத்து மூன்று குப்பி. எல்லாவற்றையும் அவளுக்கே கொடுத்தேன். கோட்டைக்குள் போய்ச் சேர்ந்தோம். மிச்சம் இருந்த கோடு ஒரு நூல் அளவுதான், ஆனால் இருந்தது.

பொம்மை வேறு, நீ வேறு. அது தெரியாத அளவுக்கு எனக்கு இன்னும் புத்தி கெடவில்லை. ஆனால் உன் கடிதத்தில் நீ எழுதிய பயங்களைப் படித்த பிறகுதான் எனக்கு ஒன்று புரிந்தது. நீ கொடுத்த பிறகு உன்னைப் பார்த்துக்கொள்கிற வேலை எனக்கு இருக்கிறது. கொடுத்ததோடு உன் கதை முடிகிறது என்றே இத்தனை நாள் நினைத்துக்கொண்டிருந்தேன்.

இன்று காலை ஆஸ்பத்திரிக்குப் போய்க் கையெழுத்துப் போட்டேன். பேனா எழுதவில்லை, இரண்டாவது பேனா கேட்டு வாங்கிப் போட்டேன். அம்மா உடன் வந்தாள். எனக்கும் பயமாகத்தான் இருக்கிறது.

உன் மனைவியிடம் சொல், நீ ஆறு வாரத்துக்கு முன்னால் எதையாவது தூக்குவதைப் பார்த்தால் என்னிடம் சொல்லும்படி.

உன் அக்கா


ஏப்ரல் 24

அக்கா,

உன் அறைக்குள் யாரையும் விட மாட்டார்களாம். இந்தச் சீட்டை நர்ஸ் உனக்குக் கொண்டுவந்து காட்டுவார்.

நான் நடக்கிறேன். கழிவறை வரை நடந்தேன், திரும்பி வந்தேன், இருமினால் உயிர் போகிறது. என்னை விடு. நேற்று வரை அது உனக்குள் சரியாக வேலை செய்ய ஆரம்பிக்கவில்லை என்று பேசிக்கொண்டது என் காதில் விழுந்தது. கேட்டால், "சில சமயம் ரெண்டு மூணு நாள் ஆகும்"கிறார்கள். என் மனைவியைக் கேட்டால் போர்வையை இழுத்து விடுகிறாள். அம்மா நம் இரண்டு கதவுக்கும் நடுவில் ஒரு நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறாள், அவளும் வாயைத் திறக்கவில்லை.

வந்ததா, வரவில்லையா? ஒரே ஒரு வரி எழுது. வரவில்லை என்றாலும் எழுது. நான் தாங்கிக்கொள்வேன்.

தம்பி


ஏப்ரல் 24, மாலை

வாலு,

வந்தது. காலையிலிருந்து இதுவரை ஆயிரத்து நானூறு மில்லி. நர்ஸ் பையைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்து அளந்து சொன்னார். முப்பத்து ஒன்பது வயதில், கணக்கு டீச்சர், மூத்திரத்துக்காக ஓவென்று அழுதேன்.

தண்ணீர் குடிக்கச் சொல்கிறார்கள் தம்பி. மூன்று டம்ளர்தான் என்று இல்லை. குடிங்க, இன்னும் குடிங்க என்று வந்து வந்து மிரட்டுகிறார்கள். இப்போதுதான் ஒரு முழு டம்ளரைக் கவிழ்த்துக் குடித்தேன், அந்தப் பிள்ளைகள் மாதிரி. பாதி கழுத்தில் வழிந்துவிட்டது.

டாக்டர் இன்னும் சில நாள் பார்க்க வேண்டும் என்கிறார். பார்க்கட்டும். நீ மெதுவாக நட, எதையாவது ஊன்றிக்கொண்டு நட.

பட்டியலை மன்றத்துக்கு அனுப்பிவிடு. முதலிடம் கரண்டி சித்தப்பாவுக்குத்தான், 9,999-ஐ யாரும் ஒன்றும் செய்ய முடியாது. குடைக்காரிக்கு இரண்டாமிடம். மறுபேச்சுப் பேசாதே. கோபம் வந்தால் வந்து என்னோடு சண்டை போடு. நான் இங்கேதான் இருப்பேன்.

அக்கா