அம்மா ருசி பார்த்த பிறகே

அன்புள்ள தங்கைக்கு அண்ணன் எழுதுவது.

இங்கே அனைவரும் நலம் என்று தொடங்கி ஒரு தாளை வீணாக்கிவிட்டேன். இது இரண்டாவது தாள். போனிலேயே சொல்லியிருப்பேன். நான் எடுத்தால் நீ வைத்துவிடுகிறாய். ஞாயிற்றுக்கிழமைதோறும் அம்மாவோடு ஒரு மணி நேரம் பேசுகிறவள் எனக்கு ஒரு நிமிஷம் ஒதுக்கினால் குடியா முழுகிவிடும்? சரி, விடு. சண்டை போட எழுதவில்லை.

நம் சாஸுக்கு இந்த வருஷம் நாற்பது வயது. புது லேபிளின் பின்பக்கத்தில் அச்சடிக்க 'எங்கள் கதை' என்று நூறு வார்த்தை எழுதித் தரச் சொல்லி மொத்த வியாபாரி நச்சரிக்கிறார். வீட்டில் படித்தவன் நான்தானே, இதற்காவது அந்தப் படிப்பு பயன்படட்டும் என்று உட்கார்ந்தேன்.

அப்பா நடத்திய தொழிற்சாலை கேன்டீனிலிருந்து ஆரம்பித்தேன். அங்கே சாப்பாடு எந்த லட்சணத்தில் இருக்கும் என்று உனக்குத் தெரியும். அதை மறைக்கத்தான் அம்மா பழுத்த மிளகாயும் வறுத்த பூண்டும் வினிகரும் போட்டு அந்தச் சாஸைக் கிளறினாள். ஷிப்ட் முடிந்து போகிறவர்கள் சாப்பாட்டை மிச்சம் வைத்துவிட்டு, சாஸை மட்டும் டிபன் மூடியில் வழித்துக்கொண்டு போனார்கள். பிறகு மருந்துக்கடையிலிருந்து காலி இருமல் மருந்து பாட்டில்களை வாங்கிக் கழுவி ஊற்றினோம். தொழிற்சாலை ஃபிட்டர் ஒருவர் அவசரத்தில் மருந்தென்று அதையே மகனுக்கு இரண்டு ஸ்பூன் கொடுத்துவிட்டு மறுநாள் வந்து, "இருமல் நின்னுடுச்சுங்க, பையன்தான் இன்னும் அழுதுட்டு இருக்கான்" என்று சொன்னதை அப்பா சாகிறவரை சொல்லிச் சிரித்தார். இதையெல்லாம் லேபிளில் போட முடியாது.

லேபிளுக்கு உன் முகத்தை வரைந்த நாளையும் போட முடியாது. உனக்கு ஆறு வயது, முன்பல் இல்லை. எனக்குப் பதின்மூன்று. தலையைப் படிய வாரிக்கொண்டு வந்து உன் பக்கத்தில் நின்றேன். அந்த ஓவியர் என்னைப் பார்த்து, "தம்பி, கொஞ்சம் தள்ளி நில்லு, வெளிச்சத்தை மறைக்கிற" என்றார். அன்றைக்குத் தள்ளி நின்றவன்தான். உன் பொக்கை வாய் லட்சக்கணக்கான பாட்டில்களில் சிரிக்கிறது. 'குட்டி சாஸ்' என்று உன் செல்லப் பெயரைச் சொல்லித்தான் கடைகளில் கேட்கிறார்கள். நான் ரசாயனத்தில் முதுகலை முடித்து, கிடைத்த ஆய்வக வேலையை விட்டுவிட்டு வந்து, முப்பது வருஷமாக மிளகாய் நெடியில் தும்முகிறேன். குறையாகச் சொல்லவில்லை. நடந்ததைச் சொல்கிறேன்.

தொண்ணூறு வார்த்தை வரை சரியாகத்தான் வந்தது. கடைசி வாக்கியத்தை வியாபாரியே சொல்லிவிட்டார், பெரிய எழுத்தில் வர வேண்டுமாம்: 'இன்றும் எங்கள் அம்மா ருசி பார்த்த பிறகே ஒவ்வொரு பாட்டிலும் வெளிவருகிறது.' நாலு நாளாக அந்த வாக்கியத்தை எழுத முடியாமல் உட்கார்ந்திருக்கிறேன்.

ஐந்து மாதத்துக்கு முன்பு அம்மாவுக்கு ஒரு காய்ச்சல் வந்ததல்லவா? மூன்று நாளில் எழுந்துவிட்டாள், உனக்கும் அப்படித்தான் சொன்னாள். முதலில் சந்தேகப்பட்டது உன் அண்ணிதான். "உங்கம்மாவுக்கு உடம்பு சரியில்லைங்க. ரெண்டு வாரமா என் சமையலைக் குறையே சொல்லல" என்றாள். நான் சிரித்தேன். இருபத்து நாலு வருஷம் திட்டு வாங்கியவள், பாராட்டு வந்தால் பழக்கமில்லாமல் பயப்படுகிறாள் என்று கிண்டல்கூடச் செய்தேன். அடுத்த வாரம் அண்டாவில் வினிகர் ஊற்ற மறந்த சாஸை வேலைக்கு வருகிற ஒரு பெண் அம்மாவிடம் கொண்டுபோய்விட்டாள். அம்மா வழக்கம்போல ஒரு சொட்டைப் புறங்கையில் விட்டு, நாக்கில் வைத்து, கண்ணை மூடினாள். "அடைச்சிடு" என்றாள்.

வயதானவர்களுக்கு வருஷத்துக்கு ஒரு பரிசோதனை என்று பொய் சொல்லி மருத்துவரிடம் அழைத்துப்போனேன். வாசனை நரம்பு போய்விட்டது, அதோடு ருசியும் போய்விட்டது, திரும்புவதற்கு வாய்ப்புக் குறைவு என்று அவர் என்னைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார். மாத்திரை இல்லையா என்றேன். உதட்டைப் பிதுக்கினார்.

அன்றிலிருந்து நான்தான் கலக்குகிறேன். இருபது வருஷமாக ஒவ்வொரு அண்டாவின் எடை, சூடு, புளிப்பு எல்லாம் நோட்டில் குறித்து வைத்திருக்கிறேன். ஆனால் லோடுக்கு லோடு மிளகாய் மாறுகிறது. அளவு சரியாக இருக்கிற அன்றைக்கு ருசி சரியாக இருக்கிறதா என்று சொல்ல எனக்கு நாக்கு இல்லை. "நாக்குக்குப் போக வேண்டியதும் சேர்ந்து இவனுக்கு மூளைக்குப் போயிடுச்சு" என்று அப்பா ஊர் பூராவும் சொன்னாரே, அது பொய்யில்லை. ஓட்டல் சமையல்காரர் ஒருவர் போன வாரம் வந்தார். பதினெட்டு வருஷ வாடிக்கை. காலி பாட்டிலைக் கையில் உருட்டிக்கொண்டே, "தப்பா நினைக்காதீங்க சார், அம்மா நல்லா இருக்காங்கல்ல?" என்று கேட்டார். நல்லா இருக்காங்க என்றேன்.

இனி வர வேண்டாம் என்று அம்மாவிடம் சொல்லலாம்தான். காலை பத்து மணிக்குக் குளித்து, வேறு புடவை மாற்றி, அந்த முக்காலியில் வந்து உட்காருகிறாள். எல்லாப் பெண்களும் கையிலிருக்கிற வேலையை நிறுத்திவிட்டு அவள் வாயைப் பார்க்கிறார்கள். இதை எப்படி நிறுத்துவது? நீ சொல்.

அவளுக்குத் தெரியாது என்றே நினைத்திருந்தேன். பத்து நாள் முன்பு ஒரு கெட்ட காரியம் செய்தேன். கரண்டியை நீட்டும்போது வேண்டுமென்றே முகத்தைச் சுளித்தேன். "இன்னும் கொஞ்சம் உப்பு" என்றாள். வெளியே போய்விட்டு அதே சாஸை, எதுவும் சேர்க்காமல், சிரித்த முகத்தோடு கொண்டுவந்தேன். "அடைச்சிடு" என்றாள். என் முகத்தைப் பார்த்துத்தான் சொல்லிக்கொண்டிருக்கிறாள், குட்டி. இத்தனை நாளும் நான் அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

இனி எனக்குத் தெரிந்த நாக்கு உன்னுடையது ஒன்றுதான். ஒன்பது வருஷத்துக்கு முன்பு விடுமுறைக்கு வந்தபோது, எல்லோர் முன்னாலும் அண்டாவிலிருந்து ஒரு சொட்டு எடுத்து, "அண்ணா, பூண்டு கருகியிருக்கு, இதைக் கீழே ஊத்திடு" என்றாய். தனியாகக் கூப்பிட்டுச் சொல்லியிருக்கலாம், இன்றைக்கும் அதைச் சொல்வேன். "வருஷத்துக்கு ஒரு தடவை வந்து நாக்கை நீட்டிட்டுப் போறவ பேச்சைக் கேட்டு நான் ஊத்தணுமா?" என்று நான் கத்தியதும் நீ அன்று மாலையே பெட்டியைக் கட்டியதும் எனக்கு மறக்கவில்லை. நீ போன பிறகு அம்மா அந்த அண்டாவைக் கவிழ்க்கச் சொன்னாள். இதை உனக்கு யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். பூண்டு கருகித்தான் இருந்தது. வறுத்தவன் நான்.

பத்து நாள் லீவு போடு. அண்டாப் பக்கம் நீ நிற்கிற நேரம் நான் பாட்டில் கழுவுகிற இடத்தில் இருந்துகொள்கிறேன், உள்ளே வர மாட்டேன். அதன் பிறகு மூடுவதா, நடத்துவதா என்று நீயும் அம்மாவும் பேசிக்கொள்ளுங்கள். எனக்கு ஒன்றும் புரியவில்லை.

நேற்று ஒன்று நடந்தது. இரவுச் சாப்பாட்டில் உன் அண்ணி உப்பே போட மறந்துவிட்டாள். நாங்கள் இருவரும் முதல் வாயிலேயே தட்டைப் பார்த்தோம். அம்மா பாதிவரை சாப்பிட்டுவிட்டு எங்கள் முகங்களைக் கவனித்தாள். கையை உதறினாள். பிறகு மெதுவாக, "குட்டிகிட்ட சொல்லிடாதடா. பாவம், எல்லாத்தையும் போட்டுட்டு ஓடி வந்துடுவா" என்றாள்.

சொல்ல மாட்டேன் என்று அவள் கையைப் பிடித்துச் சத்தியம் செய்துவிட்டு வந்துதான் இதை எழுதுகிறேன். நீ ஓடி வருவாய் என்று அவள் நம்புகிறாள். எனக்கு அந்த நம்பிக்கை கிடையாது, இருந்தாலும் தபாலில் சேர்க்கிறேன்.

மாப்பிள்ளைக்கும் பிள்ளைகளுக்கும் என் ஆசிகள். நீ நன்றாக இருக்க வேண்டும்.

உன் அண்ணன்