டிசம்பர் 29 எந்த வருடம்?

டிசம்பர் 11, 2025, வியாழன்

அத்தையின் சூளைக்காக நான் எழுதிய மென்பொருள் இன்று ஓட ஆரம்பித்தது. ஆதிலட்சுமி அத்தைக்குச் சொந்தப் பட்டறை கிடையாது. ஒரு கேஸ் சூளை மட்டும்தான். சூளை இல்லாத சின்னப் பட்டறைக்காரர்கள் முறை வாங்கி, தங்கள் பீங்கான் சரக்கைக் கொண்டுவந்து சுட்டுப்போவார்கள். இதுவரை முறையெல்லாம் அத்தையின் ஞாபகத்தில் இருந்தது. இனிமேல் வார எண்படி. இது ஐம்பதாவது வாரம் என்றேன்.

"அட, இதையெல்லாமா எண்ணுவாங்க?" என்றார்.

சென்னை வேலையை விட்டுவந்த பிறகு என் முதல் வேலை. அப்பா எட்டிப் பார்த்து, "கலர் நல்லாருக்குது" என்றார். அவ்வளவுதான்.

டிசம்பர் 19, வெள்ளி

கோதண்டபாணி அண்ணன் வந்தார். மின்சார ஃப்யூஸுக்குப் பீங்கான் கட்டை செய்கிறவர். வயது நாற்பத்தைந்து. கல்யாணம் வேண்டாம் என்று இருந்துவிட்டவர். பேச்சும் வேண்டாம் என்றே இருப்பவர். 29ஆம் தேதிக்கு முறை பதிந்தேன். கைபேசிக்குச் செய்தி போனது. பார்த்துத் தலையாட்டினார். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

டிசம்பர் 29, திங்கள்

செத்தேன்.

மாலை — இப்போதுதான் எழுத உட்கார்ந்தேன். காலையில் சூளை வாசலில் இரண்டு குட்டியானை வண்டிகள் மூக்கோடு மூக்கு நின்றன. ஒன்றில் கோதண்டபாணி அண்ணனின் கட்டைகள். மற்றதில் பூர்ணிமா அக்காவின் பொங்கல் பொம்மைகள். வீட்டுக்காரர் இறந்தபிறகு பட்டறையைத் தனியாக நடத்துகிற அக்கா; குரல் மட்டும் நாலு பேருக்குச் சமம்.

"நேத்து ஃபோன்ல கேட்டனே! காலியா இருக்குது, வாம்மான்னீங்களே!"

"கம்ப்யூட்டர்ல காலியாதான் இருந்துது" என்று அத்தை என்னைப் பார்த்தார். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள்.

கோதண்டபாணி அண்ணன் கைபேசியை நீட்டினார். நான் அனுப்பிய செய்தி: உங்கள் முறை 29-12-2026.

"அடுத்த வருஷ தேதிண்ணே! பாத்தும் ஏன் சொல்லல?"

"புது வருஷம் பொறக்கப்போவுதே. முன்கூட்டியே மாத்திட்டீங்கன்னு நெனச்சேன்."

அழுவதா சிரிப்பதா? அதற்குள் மழை. அக்காவின் வண்டிக்கு மேலே ஒரு கிழிந்த கோணிதான். சுடாத பொம்மைகள், நனைந்தால் திரும்ப மண். அக்கா முந்தானையை விரித்துப் பொம்மைகளை மூடப் பார்த்தார். கோதண்டபாணி அண்ணன் தன் வண்டித் தார்ப்பாயை உருவி அக்காவின் வண்டிமேல் போர்த்தினார்.

"ஐயோ, உங்க சரக்கு?"

"கட்டைய திரும்ப அச்சுல போட்டுக்கலாம். இதுங்களுக்குக் கண்ணு மூக்கெல்லாம் வெச்சிருக்குது."

ஒரு கூடை கட்டை கரைந்தே போனது. மீதியையும் பொம்மைகளையும் சேர்த்து அடுக்கினால் ஒரே சூளை கொள்ளும், இரண்டுக்கும் ஒரே சூடுதான் என்றார் அத்தை. கட்டை கீழே, பொம்மை மேலே.

டிசம்பர் 30, செவ்வாய்

பிழை அகப்பட்டது. ஒரே ஒரு எழுத்து! வருடத்துக்கு ஆங்கிலச் சின்ன 'ஒய்' போடவேண்டிய இடத்தில் பெரிய 'ஒய்' போட்டிருக்கிறேன். பெரிய ஒய், தேதியின் வருடத்தைச் சொல்லாது. அந்த வாரம் எந்த வருடத்துக் கணக்கில் வருகிறதோ அதைச் சொல்லும். இந்த வாரம் 2026இன் முதல் வாரம். எனவே நேற்றைய தேதி ஒரு வருடம் தள்ளிப் பதிவாகி, நேற்றைய நாள் காலியாகத் தெரிந்திருக்கிறது.

அத்தையிடம் விளக்கினேன். "வாரம் ரெண்டு வருஷத்துலயும் கால் வெச்சா, அதுல வர்ற வியாழக்கிழமை எந்த வருஷமோ அந்த வருஷத்து வாரம் அத்தை."

"பாத்தியா! கம்ப்யூட்டரும் குருவப் பாத்துதான் முடிவு பண்ணுது."

என் நாலு வருடப் படிப்பு அங்கேயே படுத்துவிட்டது. ஆனால் வேலையைவிட்டுப் போ என்று அத்தை சொல்லவில்லை.

சூளை எரிகிறது. வெளியே இரண்டு பேரும் காவல். "உங்க கட்ட வெடிச்சு என் பொம்மைங்க சாஞ்சா?" என்று அக்கா காலையிலிருந்து சண்டை பிடிக்கிறார். அண்ணன் டீ வாங்கிவந்து தருகிறார். குடித்துவிட்டு மறுபடி பிடிக்கிறார்.

டிசம்பர் 31, புதன்

திறந்தாயிற்று. ஒரு பொம்மைக்குக்கூடச் சேதமில்லை. அக்காவுக்குச் சண்டை போடக் காரணமில்லை. ஆனாலும் போட்டார்.

ஜனவரி 9, 2026, வெள்ளி

பூர்ணிமா அக்கா ஊரில் எல்லோரையும் 'அண்ணே' என்பவர். கோதண்டபாணி அண்ணனை மட்டும் 'ஃப்யூஸுக்காரரு' என்கிறார். ஏன்?

பிப்ரவரி 20, வெள்ளி

இந்த வருடத்துக்கு 53 வாரம். என் மென்பொருள் 52இல் நின்றுவிடுகிறது. நல்லவேளை, யாரும் வண்டியோடு வருவதற்குள் பார்த்துவிட்டேன். திருத்தி அத்தையிடம் சொல்லிக்கொண்டிருந்தபோது கோதண்டபாணி அண்ணன் வந்தார். புதுச் சட்டை.

"அந்த அம்பத்தி மூணாவது வாரத்த எனக்குப் போட்டுடும்மா."

"அது டிசம்பர் கடைசிண்ணே! இன்னும் பத்து மாசம் இருக்குது."

"இருக்கட்டும். பொங்கல் பொம்மைக்கு அப்பதான வேணும்."

ஃப்யூஸ் செய்கிறவருக்கு எதற்குப் பொம்மை என்று கேட்க வாயெடுத்தேன். அத்தை என் காலை மிதித்தார்.

"பேர் என்ன போடட்டும்ணே?"

"பூர்ணிமா பேர்லயே இருக்கட்டும்." சட்டைக் காலரை இழுத்துவிட்டுக்கொண்டார். "மெசேஜ் மட்டும் என் நம்பருக்கு அனுப்பு. வூட்ல ஒரு ஃபோனுக்கு வந்தா போதும்."

வருடத்தை மட்டும் இன்னொரு முறை சரிபார்த்துவிட்டு அனுப்பினேன்.